உப்புப் பார்த்தவள்

முதல் ரோல்ஸை எண்ணெய்க்குள் விட றபீக்கா கையை நீட்டிய நேரம் பார்த்துத்தான் கேஸ் முடிந்தது. நீலமாய் நின்ற நெருப்பு ஒரு தரம் மஞ்சளாகி, ஒரு துள்ளுத் துள்ளி, அப்படியே போய்விட்டது.

றபீக்கா சிலிண்டரைப் பிடித்து ஆட்டினாள். சாய்த்துப் பார்த்தாள். பிஸ்மி சொல்லி லைட்டரை அடித்தாள். ஒன்றும் நடக்கவில்லை. தூள் தடவி அடுக்கிய ரோல்ஸ்கள் தட்டில் பச்சையாய்க் கிடந்தன.

“ளுஹர் தொழுதிட்டு வந்து பொரிப்பம் எண்டு நினைச்சது ஒரு குத்தமா, அல்லாஹ்வே!”

வேறு நாளாயிருந்தால் கஞ்சியோடும் ஈச்சம்பழத்தோடும் நோன்பைத் திறந்துவிட்டுப் போயிருப்பார்கள். இன்று அப்படி முடியாது. சின்ன மகள் றிஸ்லாவுக்குக் கலியாணமாகி, ஊர் வழக்கப்படி மாப்பிள்ளையும் இந்த வீட்டோடு இருக்க, வந்திருக்கிற முதல் நோன்பு. மாப்பிள்ளை வீட்டாரை நோன்பு திறக்கக் கூப்பிட்டாயிற்று. சாய்ந்தமருதில் முதல் நோன்பு மேசை என்பது சும்மா மேசையில்லை. அதில் வைத்ததும் வைக்காததும் அடுத்த பெருநாள் வரைக்கும் ஊருக்குள் நடந்து திரியும்.

வரப்போவது சுஹறா. கல்முனை பஸாரில் பேக்கரி வைத்திருக்கும் சீனிமுகம்மதுவின் மனைவி. பெண் பார்க்க வந்த அன்றே முந்தானையால் மூக்கைத் தொட்டுக்கொண்டு, “கடல்காரன் ஊட்டுல மீனத் தவிர என்னத்தத் திங்கத் தெரியும்?” என்று சிரித்துக்கொண்டே கேட்டவள். அந்தச் சிரிப்பும் அந்தக் கேள்வியும் கலியாணத்தோடு முடியவில்லை. றிஸ்லா மாமியார் வீட்டுக்குப் போகும்போதெல்லாம் சோற்றுக் கோப்பையோடு சேர்த்து அதையும் வைத்தார்கள். இன்றைய மேசை சறுக்கினால் றிஸ்லா அந்த வார்த்தையைச் சாகும்வரை தின்ன வேண்டும். அது தெரிந்ததால்தான் அவள் குசினி நிலத்தில் குந்தி, கண் சிவக்க அழுதுகொண்டிருந்தாள்.

“அழுதாப் பொரியுமா?” என்று கேட்டுக்கொண்டு வந்தாள் முனவ்வறா.

அவள்தான் மூத்தவள். உம்மா வழியிலும் வாப்பா வழியிலும் பல்கலைக்கழக வாசலை மிதித்த முதல் ஆள். ஒலுவிலில் படித்துப் பட்டமும் வாங்கி, வேலை வரும் வருமென்று இருந்ததில் தங்கைக்கு முதலில் கலியாணம் முடிந்துவிட்டது. “படிச்சு என்னத்தக் கண்டாய் புள்ள?” என்று தெருவில் கேட்பவர்களுக்கு அவளிடம் ஒரு பதில் எப்போதும் தயாராயிருந்தது. அந்தப் பதில் எங்கே வெளியே வந்துவிடுமோ என்ற பயத்தில்தான் றபீக்கா அவளை எந்த விருந்துக்கும் கூட்டிப் போவதில்லை.

“கடையில வாங்கி வெச்சா என்ன?” றிஸ்லா மூக்கை உறிஞ்சினாள்.

“எந்தக் கடையில? உன்ட மாமியார்ட பேக்கரியிலயா?” என்றாள் முனவ்வறா. “அவங்கட ரோல்ஸ அவங்களுக்கே வெச்சா ஒரு கடியில கண்டுபிடிச்சிருவாங்க. வேற கடை ரோல்ஸ் எண்டா அத விடக் கேவலம்.”

“பக்கத்து ஊட்டுல கேஸ் கேப்பமா உம்மா?”

“கேளு. கேட்டா பள்ளியில வாங்கு சொல்ல முந்திக் கல்முனை வரைக்கும் போயிரும், றபீக்காட குசினியில நெருப்பில்ல எண்டு.” றபீக்கா பின்வாசலைப் பார்த்தாள். வெளியடுப்பில் கஞ்சி வெந்துகொண்டிருந்தது. ஒரு கிழமையாய் விடாத தாழமுக்க மழை. ஈர விறகை ஊதி ஊதி அந்தக் கஞ்சி கொதித்ததே பெரிய காரியம். அந்தப் புகையில் எண்ணெய்ச் சட்டி வைக்க வழியில்லை.

“நெருப்பே இல்லாம ஒரு சாமான் செய்வன்,” என்றாள் முனவ்வறா. “கிறேக்கர் பிஸ்கட்ல பூசித் திங்கிற. கம்பஸ் ஹொஸ்டல்ல அடுப்பு மூட்ட விடமாட்டாங்க. நோம்புக்கு நாங்க அறைக்குள்ள வெச்சு அதத்தான் செய்வம். டின் மீனும் தயிரும்.”

றபீக்கா நெஞ்சில் கை வைத்தாள். “டின் மீனா? மீராசாட ஊட்டுல, சம்பந்தி ஆக்களுக்கு டின் மீனா? அதுக்கு நீ என்ன உயிரோட புதைக்கலாம்.”

அந்தப் பயத்துக்குக் காரணமிருந்தது. றபீக்காவின் புருசன் மீராசா முப்பது வருடக் கடல்காரர். அவருடைய வள்ளம் இப்போது மற்ற வள்ளங்களோடு கரையில் கவிழ்ந்து கிடந்தது. மழையும் காற்றுமாய்த் தொழிலுக்குப் போக விடாமல் கடல் மூடினால் கரையோரத்து வீடுகள் எல்லாவற்றிலும் டின் மீன்தான். ஆனால் அதை எந்த வீடும் ஒப்புக்கொள்வதில்லை. கடைக்காரன் கேட்காமலே கறுப்புப் பேக்கில் போட்டுத் தருவான். வாங்கினவள் அதைச் சேலைக்குள் மறைத்து, முன்வாசலை விட்டுப் பின்வேலியால் வீட்டுக்கு வருவாள். வெற்று டின்களைக் கோழிக்கூட்டுக்குப் பின்னால் புதைப்பார்கள். பக்கத்து வீட்டுக்காரியும் அதையேதான் செய்வாள். ஆளுக்காள் தெரியும். ஆளுக்காள் தெரியாதது மாதிரி இருப்பார்கள்.

“அலுமாரிக்குள்ள அரிசி வாளிக்குப் பின்னுக்கு வெச்சிரிக்கிற கறுப்பு பேக்க எடுங்க,” என்றாள் முனவ்வறா.

“உனக்கெப்படித் தெரியும்?”

“விடிய முந்தி சஹருக்குத் திண்டவ நான்தானே உம்மா.”

றபீக்கா எடுத்துக்கொண்டுதான் வந்தாள். தரும்போது இரண்டு நிபந்தனை சொன்னாள். ஒன்று, யார் கேட்டாலும் அது பாரை மீன். வாப்பாவிடமும் அப்படியே சொல்லி வைப்பாள். மற்றது, “இண்டைக்கு ஒரு நாளைக்கு மட்டும் உன்ட வாயப் பொத்தி வெச்சிக்க, மகள். உனக்காக இல்ல. தங்கச்சிக்காக.”

முனவ்வறா அழுத றிஸ்லாவைப் பார்த்தாள். சரி என்று தலையாட்டினாள். அவளுக்கு அது மிளகாய் கடித்தது மாதிரி இருந்தது.

சவளக்கடை ஊரிலிருந்து வாப்பாவின் கூட்டாளி கொண்டுவந்த எருமைத் தயிர் சட்டியில் இருந்தது. கவிழ்த்தாலும் விழாத தயிர். அதில் பாதியைச் சுத்தமான மருதமுனைத் துணியில் கொட்டி, இறுக்கி முடிந்து, வடிதட்டில் வைத்து மேலே அம்மிக் குழவியைத் தூக்கி வைத்தாள். தண்ணீர் சொட்டுச் சொட்டாய் இறங்கியது. ஹொஸ்டலில் குழவிக்குப் பதில் பொருளியல் புத்தகங்களைத்தான் அடுக்குவார்கள். அந்தப் புத்தகங்கள் உருப்படியாய்ச் செய்த ஒரே வேலை அதுதான் என்று அவள் சொல்வதுண்டு.

தயிர் இறுகும்வரை மற்ற வேலை. டின்களைத் திறந்து உப்புத் தண்ணீரை ஒட்ட வடித்தாள். மீனைப் பிளந்து நடுமுள்ளையும் கறுத்த தோலையும் எடுத்தெறிந்தாள். விரலால் உதிர்த்துப் பஞ்சாக்கினாள். சின்ன வெங்காயத்தைக் கண்ணுக்குத் தெரியாத பொடியாய் அரிந்தாள். பச்சை மிளகாயின் விதையைத் தட்டிவிட்டுத் தோலை மட்டும் நறுக்கினாள். தேசிக்காயின் பச்சைத் தோலைத் துருவினாள், பிறகு பிழிந்தாள். மிளகை இடித்துப் போட்டாள். பின்னேரம் அசர் வாங்கு சொன்ன பிறகு துணியை அவிழ்த்தபோது தயிர் பட்டர் மாதிரி இறுகி, துணியின் நெசவு அதன்மேல் அச்சாய்ப் பதிந்திருந்தது. எல்லாவற்றையும் சேர்த்து மரக்கரண்டியால் அடித்தாள். மீன் எது தயிர் எது என்று பிரிக்க முடியாத வெண்மையில் பச்சை மிளகாய் மட்டும் புள்ளி புள்ளியாய்த் தெரிந்தது.

கிண்ணத்தை எடுத்துக்கொண்டு அவள் சாமான் அறைக்குள் போனாள். கதவைச் சாத்தினாள். ஒரு கிறேக்கரை உடைத்து, பூசி, வாயில் போட்டாள்.

அன்று காலையிலிருந்து அவளுக்கு நோன்பில்லை. மாதத்தில் பெண்களுக்கு வருவதுதான். மார்க்கமே விட்டுவிடச் சொன்ன நோன்பு. ஆனால் அந்த வீட்டில் மட்டுமில்லை, எந்த வீட்டிலும் அதை வாயால் சொல்வதில்லை. நோன்பில்லாதவளும் சஹருக்கு எழும்பி வந்து குந்த வேண்டும். பகலெல்லாம் உதடு காய்ந்தவள் மாதிரி நடக்க வேண்டும். குளியலறைக்குள் போய்த் தண்ணீர் குடிக்க வேண்டும். வாப்பாவுக்கும் தங்கையின் புருசனுக்கும் தெரியக்கூடாது. முனவ்வறாவுக்கு ஒவ்வொரு வருடமும் இதில் வயிறு எரியும். களவு செய்யாதவள் களவாய்த் தின்ன வேண்டும் என்று எந்தக் கிதாபில் எழுதியிருக்கிறது?

ருசி அவள் கோபத்தை மறக்கடித்தது. புளிப்பு முதலில் வந்து, மீன் பின்னால் வந்து, மிளகாய் கடைசியில் மெல்லக் கடித்தது. உப்பு அளவாய் நின்றது. அவளுக்குத் தன்னையறியாமல் சிரிப்பு வந்தது. கிண்ணத்தை மூடிக் குசினி மேசையில் வைத்துவிட்டுக் குளிக்கப் போனாள்.

அவள் குளித்துக்கொண்டிருந்த நேரத்தில்தான் பிழை நடந்தது.

நோன்பு காலத்தில் உப்புப் பார்க்கிறது கண்ணால். நாக்கில் வைக்க மனம் வராது. கரையோரத்துப் பெண்களுக்கு அதில் ஒரு பெருமையும் உண்டு. கறியின் நிறத்தைப் பார்த்து உப்புச் சொல்வாள் என்று பேரெடுத்தவள்தான் கெட்டிக்காரி. றபீக்கா மூடியைத் திறந்து பார்த்தாள். வெள்ளை வெளேரென்று இருந்தது. ‘புத்தகம் படிச்ச புள்ளைக்கு உப்பெங்க தெரியப் போகுது’ என்று ஒரு கிள்ளுப் போட்டுக் கலக்கி மூடினாள். கொஞ்ச நேரத்தில் றிஸ்லா வந்தாள். உம்மா பதற்றத்தில் மறந்திருப்பாள் என்று நினைத்தாள். அவளும் ஒரு கிள்ளு.

முனவ்வறா தலையைத் துவட்டிக்கொண்டு வந்தபோது வாசலில் வேன் நின்றது. சுஹறா சொன்ன நேரத்துக்கு முந்தியே வந்துவிட்டாள். சீனிமுகம்மது வீட்டு முன்மண்டபத்தில் மீராசாவோடு குந்திவிட்டார். சுஹறா நிற்கவில்லை. கடைசி மகள் றினோஸாவை இழுத்துக்கொண்டு நேரே குசினிக்குள் வந்தாள்.

“என்ன மதினி, பொரிச்ச வாசமே இல்ல? அடுப்பு மூட்டல்லயா?”

றபீக்கா அவசரமாய் மேசையைக் காட்டினாள். “கஞ்சி இரிக்கி மதினி. பலூடா இரிக்கி. இது... மீன்ல ஒரு சாமான். மூத்த மகள் செஞ்ச.”

“கம்பஸ் மகளா?” சுஹறா முனவ்வறாவை மேலும் கீழும் பார்த்தாள். “வேலதான் கிடைக்கல்ல, சமையலாவது கைக்கு வரட்டும், என்ன?”

முனவ்வறா றிஸ்லாவைப் பார்த்தாள். வாயை மூடிக்கொண்டாள். பல் மட்டும் கடிபட்டது.

சுஹறா கிண்ணத்தின் மூடியைத் திறந்தாள். குனிந்து மணந்தாள். தலையை ஒரு பக்கம் சாய்த்தாள். “உப்புக் காணாது,” என்றாள், பஸார் முழுவதற்கும் தீர்ப்புச் சொல்கிற மாதிரி. “எனக்குப் பாத்தாலே தெரியும்.” உப்புப் போத்தலுக்குள் விரலை விட்டு, தாராளமாய் ஒரு கிள்ளு எடுத்துத் தூவி, கரண்டியால் இரண்டு சுற்றுச் சுற்றினாள்.

றபீக்காவின் முகம் மாறியது. றிஸ்லாவின் கை தன்பாட்டில் வாய்க்குப் போனது. முனவ்வறா இருவரையும் பார்த்தாள்.

“உம்மா. நீங்களும் போட்டீங்களா?”

“கொஞ்சூண்டு புள்ள...”

“றிஸ்லா?”

“உம்மா போடல்லயாக்கும் எண்டு நினைச்சன் ராத்தா.”

வெளியே வானம் மங்கிக்கொண்டு வந்தது. மண்டபத்தில் சீனிமுகம்மதுவின் குரல் கேட்டது. மழையைப் பற்றி ஏதோ சொல்லிச் சிரித்தார். இன்னும் சற்று நேரத்தில் அவர் இதைக் கடிப்பார். கடித்துத் துப்புவார். மூன்று பேர் போட்ட உப்பில் யார் போட்டது என்று யார் பார்க்கப் போகிறார்கள்? கடல்காரன் வீட்டு உப்பு என்றுதான் பேராகும். அதையும் றிஸ்லாதான் தின்பாள்.

முனவ்வறா கிறேக்கர் பக்கற்றைக் கிழித்தாள். ஒன்றை எடுத்தாள். கரண்டி நிறைய அள்ளிப் பூசினாள். நடுக் குசினியில், தங்கையின் மாமியாருக்கு முன்னால், கடித்தாள்.

“அஸ்தஃபிருல்லாஹ்!” சுஹறா பின்னால் பாய்ந்தாள். “நோம்பு! அடியே, வாங்கு சொல்லல்ல!”

“முனவ்வறா!” றபீக்காவின் சத்தம் கிழிந்தது.

அவள் அவசரப்படவில்லை. மென்றாள். விழுங்கினாள்.

“எனக்கு இண்டைக்கு நோம்பில்ல மாமி,” என்றாள். “அல்லாஹ் விடச் சொன்ன நோம்பு. அத ஒளிக்கச் சொல்லி அவன் சொல்லல்ல. இது உப்புக் கரிக்குது. நாய் வாய் வைக்காது. ஆர் ஆர் எவ்வளவு போட்டதெண்டு பொறவு கதைப்பம், இப்ப திருத்தோணும்.”

வாசலில் ஏதோ விழுந்தது. ஐஸ் வாங்கி வந்த றிபாஸ், றிஸ்லாவின் புருசன், பேக்கை அப்படியே நிலத்தில் விட்டுவிட்டு, காதுவரை சிவந்து, வந்த வழியே திரும்பிப் போனான்.

றபீக்கா சுவரைப் பிடித்துக்கொண்டாள். எல்லாம் முடிந்தது என்று அவள் முகத்தில் எழுதியிருந்தது.

அப்போது சுஹறாவின் முதுகுக்குப் பின்னாலிருந்து ஒரு சின்னக் குரல் வந்தது.

“உம்மா... எனக்கும் இல்ல.” றினோஸா. “முந்தாநாள்ல இருந்து. நம்மட ஊட்டுல ஒளிச்சிக் குடிக்கவும் இடமில்ல, காலையில இருந்து தண்ணியும் இல்ல. எனக்குத் தல சுத்துது.”

முனவ்வறா ஒரு கிளாஸ் தண்ணீரை நிரப்பி அவள் கையில் கொடுத்தாள். பெண் அதை நின்ற நிலையில் ஒரே இழுப்பில் குடித்தாள். சுஹறா, மகளின் தொண்டை ஏறி இறங்குவதைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு திரும்பினாள். திட்டப் போகிறாள் என்று எல்லாரும் நினைத்தார்கள். அவள் போய்க் குசினிக் கதவைச் சாத்தி, தாழ்ப்பாளைப் போட்டாள். சேலை முந்தானையை இடுப்பில் செருகினாள்.

“நிண்டு பாத்தா உப்புக் குறையுமா?” என்றாள். “தயிர் மிச்சம் இரிக்கா?”

சட்டியில் அரைவாசி இருந்தது. சுஹறாவே அதைத் துணியில் கட்டி, குழவியை வைத்து, அதன்மேல் தன் பாரத்தையும் போட்டு அமுக்கினாள். பேக்கரிக்கு மாப் பிசைந்த கை. தண்ணீர் ஓடிக்கொண்டு இறங்கியது. றிஸ்லா வெங்காயம் அரிந்தாள். முனவ்வறா கறுப்புப் பேக்கைக் கொண்டுவந்து, ஒளிக்காமல் மேசையில் வைத்து, மிச்ச டின்னைத் திறந்தாள். சுஹறா டின்னைப் பார்த்தாள். “அந்த மீனத் தண்ணியில ஒருக்கா அலசு, உப்பு இறங்கும்,” என்று மட்டும் சொன்னாள். முனவ்வறா அலசிப் பிழிந்து, இறுகிய தயிரோடு பழைய கிண்ணத்துக்குள் போட்டாள். தேசிக்காய் பிழிந்தாள். அடித்தாள்.

“இப்ப பாரு,” என்று கிறேக்கரை றினோஸாவிடம் நீட்டினாள்.

றினோஸா கடித்தாள். கண்ணை மூடினாள். இன்னொன்றுக்குக் கை நீட்டினாள்.

“அடியே, உப்புப் பாக்கச் சொன்னா வயிறு நிரப்புறயா?” என்றாள் சுஹறா. பிறகு குரலைத் தாழ்த்தி முனவ்வறாவிடம் கேட்டாள். “புளி காணுமா, மகள்?”

“இன்னும் அரைத் தேசிக்காய் போடலாம் மாமி.”

“நீ பாத்துச் சொன்னாச் சரிதான்.”

வாங்கு சொன்னபோது மண்டபத்துப் பாயில் எல்லாம் இருந்தது. கஞ்சி, ஈச்சம்பழம், பலூடா, நடுவில் பெரிய பீங்கானில் வட்டமாய் அடுக்கிய கிறேக்கர். ஒவ்வொன்றின் மேலும் வெண்மையாய்க் குவித்து, தேசிக்காய்த் தோல் தூவியிருந்தது. சீனிமுகம்மது ஈச்சம்பழத்தால் நோன்பைத் திறந்தார். கஞ்சியை ஒரு வாய் குடித்தார். கிறேக்கரை எடுத்தார். கடித்தார். மென்றார். பேக்கரிக்காரன் மெல்வது வேறு. கண்ணைச் சுருக்கி, உள்ளே என்னென்ன இருக்கிறதென்று எண்ணிக்கொண்டு மெல்வார். இன்னொன்று எடுத்தார்.

“சம்பந்தி, இது என்ன மீன்? உங்கட வள்ளத்துப் பாரையா?”

மீராசாவின் கை கஞ்சிக் கோப்பையில் நின்றது. பாரை என்று சொல்லத்தான் பேச்சு. ஆனால் முப்பது வருடம் கடலில் போன மனிதருக்கு மீனின் பேரை மாற்றிச் சொல்ல நாக்கு வரவில்லை. வாசல் திரைச்சேலைப் பக்கம் பார்த்தார். திரைக்குப் பின்னால் றபீக்கா, இரண்டு மகள்மார், சுஹறா, றினோஸா. முனவ்வறா உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றாள். வாயைத் திறப்பதில்லை என்ற பேச்சை ஏற்கெனவே ஒரு தரம் உடைத்தாயிற்று. இது உம்மா வீட்டு மேசை. உம்மா சொல்லட்டும்.

றபீக்கா திரையை விலக்கினாள்.

“டின் மீன், காக்கா,” என்றாள். சம்பந்தியை நேரே பார்த்தாள். “கடல் மூடி ஒரு கிழமையாச்சி. கடல் மூடினா எங்கட ஊட்டுல டின் மீன்தான். கேஸும் முடிஞ்சி போச்சி. என்ட மூத்த மகள் நெருப்பே இல்லாமச் செஞ்சது. நல்லா இரிக்கா?”

சீனிமுகம்மது மனைவியைப் பார்த்தார். றிஸ்லா தலையைக் குனிந்துகொண்டாள். அந்தப் பழைய வார்த்தை இப்போது வரும் என்று அவளுக்குத் தெரியும்.

“கடல்காரன் ஊட்டுல...” என்று சுஹறா தொடங்கினாள். ஒரு மூச்சு விட்டாள். “...கடல் மூடினாலும் மீன் முடியாது போலிரிக்கி. என்ன பாக்கிறீங்க? எங்களுக்கும் கொஞ்சம் மிச்சம் வைங்க. றிஸ்லா, அந்தப் பீங்கான இஞ்சால எடு புள்ள.”

றிஸ்லா ஓடிப்போய் எடுத்து வந்தாள். அவள் அன்று முதன்முதலாய்ச் சிரித்தாள். திரைக்குப் பின்னால் ஐந்து பெண்களும் பீங்கானைச் சுற்றிக் குந்தினார்கள். றபீக்கா முதல் கிறேக்கரைக் கடித்துவிட்டு மகளைத் திரும்பிப் பார்த்த பார்வைக்கு முனவ்வறா பட்டம் வாங்கிய அன்றைய பார்வையும் சமமில்லை.

“எல்லாம் கம்பஸ்ல படிச்சது,” என்றாள் றபீக்கா சம்பந்தியிடம், நெஞ்சு நிமிர.

“கம்பஸ்ல இதப் படிப்பிக்கல்ல உம்மா,” என்றாள் முனவ்வறா. “அடுப்பு மூட்டாத எண்டாங்க. அதாலதான் படிச்சன்.”

மஃரிப் தொழுகை முடிந்து புறப்படும்போது சுஹறா மிச்சத்தைக் கேட்டு வாங்கினாள். றபீக்கா அதை ஒரு டப்பாவில் போட்டாள். பழக்கதோசத்தில் அவள் கை கறுப்புப் பேக்குக்குப் போனது. முனவ்வறா அந்தப் பேக்கை மெல்ல இழுத்தெடுத்து, கசக்கி, குப்பை வாளிக்குள் போட்டாள். உள்ளே இருப்பது வெளியே தெரிகிற வெள்ளைப் பேக் ஒன்றை உதறி எடுத்துக் கொடுத்தாள்.

மழை விட்டிருந்தது. தெருவில் பெண்கள் வாசலுக்கு வந்து நின்றார்கள். யார் வீட்டு விருந்து, என்ன வைத்தார்கள் என்று பார்க்கத்தான். பக்கத்து வீட்டுக்காரி வேலிக்கு மேலால் எட்டினாள்.

“என்ன கையில, மதினி? கடல் மூடிக் கெடக்கு, மீராசா காக்காட ஊட்டுல மீனா?”

சுஹறா வேனின் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். பேக்கை உயர்த்திப் பிடித்தாள்.

“டின் மீன்!” என்றாள், தெரு முழுதும் கேட்க. “என்ட மருமகள்ட ராத்தா செஞ்சது. உங்களுக்கும் வேணுமெண்டா வந்து கேளுங்க. உப்பு மட்டும் அவட்டக் கேட்டுப் போடுங்க.”

பக்கத்து வீட்டுக்காரியின் முகம் வேலிக்குக் கீழே இறங்கியது. கொஞ்ச நேரத்தில் அது மறுபடியும் மேலே வந்தது.

“முனவ்வறா,” என்று மெல்லக் கூப்பிட்டாள். “என்னட்டயும் அலுமாரிக்குள்ள நாலு டின் கெடக்கு புள்ள. தயிர் எவ்வளவு போடோணும்?”

முனவ்வறா முன்வாசலில் நின்றாள். தலையை நிமிர்த்தி, குரலைத் தாழ்த்தாமல், தயிரைத் துணியில் கட்டுவதிலிருந்து சொல்லத் தொடங்கினாள்.